மகள் பெயரில் நான் ஆடிய கணக்கு விளையாட்டு

பள்ளியின் ஆன்லைன் பாடத் தளத்தில், மூன்றாம் வகுப்பு படிக்கும் மகளுக்காகக் கணக்கு விளையாட்டுகளைத் திறந்துவிட்டேன். சோதித்துப் பார்க்கிறேன் பேர்வழி என்று, ஆவடி ரயிலில் தினமும் அவள் பெயரில் நானே ஆடினேன். ஐ.டி. மூளையல்லவா, ஜெயித்துத் தள்ளினேன்! ஜெயிக்க ஜெயிக்கக் கணக்கு கடினமாகும் என்பது மட்டும் அந்த மூளைக்கு எட்டவில்லை.

ஞாயிறன்று ஆசையாக ஆட உட்கார்ந்தவள் டேப்லெட்டைக் கவிழ்த்து வைத்தாள்.

"எனக்குக் கணக்கே வராதுப்பா. நான் மக்கு."

எடுத்துப் பார்த்தால், ஏழாம் வகுப்புப் பின்னங்கள்.

"நீ மக்கு இல்லடா. அப்பாதான் உன் பேர்ல திருட்டாட்டம் ஆடி ஏத்திவிட்டுட்டேன்."

கண்ணைத் துடைத்துக்கொண்டு முறைத்தாள். "டீச்சர்கிட்ட நீயே சொல்லு. நானும் கூட வர்றேன், பயப்படாத."

சொன்னேன். டீச்சர் சிரித்தபடி முதல் நிலைக்கு மாற்றிக் கொடுத்தார்.

இப்போது அவள் ஏழையும் ஐந்தையும் விரல் மடக்கிக் கூட்டும்போது, கையைக் கட்டிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறேன். விடை தெரிந்தும் வாயை மூடியிருப்பதுதான் எனக்கு வந்த கடினமான கணக்கு.