பஸ்ஸில் நிற்காத கதாநாயகி

பிளஸ் டூ படித்தபோது திருப்போரூரிலிருந்து செங்கல்பட்டுக்குத் தினமும் நின்றுகொண்டேதான் போவேன். புத்தகங்களை உட்கார்ந்திருப்பவர் மடியில் கொடுத்துவிடுவது வழக்கம். அன்று அவற்றோடு ஒரு நூலக நாவலும் இருந்தது. தனி அறை கேட்டு அம்மாவோடு சண்டை போடும் பட்டணத்துப் பெண்ணின் கதை. படிக்கப் படிக்க எரிச்சலாக வரும். எனக்கோ, அன்று பஸ்ஸில் பின்னால் நின்று வேண்டுமென்றே இடித்துக்கொண்டிருந்தவனிடம் சண்டை போடவே வாய் வரவில்லை.

என் புத்தகங்களை மடியில் வாங்கி வைத்து, நாவலைப் புரட்டிக்கொண்டிருந்த முன்பின் தெரியாத அக்கா, நான் நெளிவதைப் பார்த்துவிட்டார்.

“இந்தக் கதையில வர்ற பொண்ணு பஸ்லயே போவாதா?” என்றபடி எழுந்தார். “நீ ஒக்காரு, இத்த புடி.”

என் இடத்தில் நின்றுகொண்டு அவனிடம் திரும்பினார். “இன்னாய்யா, இப்போ இடி பாப்போம்!”

அடுத்த நிறுத்தத்திலேயே அவன் இறங்கிவிட்டான்.

நாவலைக் கடைசிப் பக்கம்வரை படித்தேன். அப்படி எழுந்து நிற்க அதில் ஒருவர்கூட இல்லை.