கம்பெனி போட்ட கோலம்

கரமனையில் நாங்கள் இருந்த அக்ரஹாரத் தெரு அக்ரஹாரம் மாதிரியே இல்லை என்பதை, சென்னையிலிருந்து வந்த ஒரு பெரிய சினிமாக் கம்பெனி சொல்லித்தான் தெரிந்துகொண்டோம். மூன்று நாள் படப்பிடிப்புக்கு அப்பா வாசலை விட்டுக்கொடுத்திருந்தார். அவர்கள் இரும்பு கேட்டைக் கழற்றினார்கள். மின்சார மீட்டரை வாழைமரத்தால் மறைத்தார்கள். தெருவில் யாரிடமும் இல்லாத பசுவைப் பக்கத்து ஊரான நேமத்திலிருந்து டெம்போவில் ஏற்றிவந்து கட்டினார்கள். அம்மா போட்டிருந்த சின்னக் கோலத்தை அழித்துவிட்டு, வாசலை அடைத்து ஒரு வண்ண மயிலைப் போட்டார்கள்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. பட்டுப்பாவாடை கட்டி அந்த மயிலைச் சுற்றி ஓடிவர என்னைத்தான் தேர்ந்தெடுத்தார்கள். முதல் நாள் பாதி ஓட்டம் எடுத்தாயிற்று, மீதி மறுநாள். அன்று சாயங்காலமே தெரு முழுக்கச் சொல்லிவிட்டேன்.

கம்பெனி மேனேஜர் அம்மாவிடம் கைகூப்பி, மயில் அப்படியே இருக்க வேண்டும், இல்லாவிட்டால் இரண்டு நாள் காட்சியும் ஒட்டாது என்றார். அம்மா பேசாமல் இருந்தாள். அதைச் சம்மதம் என்று நினைத்துக்கொண்டு போனார், பாவம்.

விடிந்ததும் அம்மா வழக்கம்போல வாசல் தெளித்தாள். மயில் சாக்கடைக்குப் போயிற்று. அந்த இடத்தில் பழைய சின்னக் கோலம். மேனேஜர் அப்பாவிடம் கத்தினார். அம்மாதான் பதில் சொன்னாள்:

"முந்தின நாள் கோலம் வாசல்ல கிடந்தா, இந்தாத்துல யாரோ தவறிப் போயிட்டான்னாக்கும் அர்த்தம். உங்க சினிமாவுக்கு வேண்டி என்னால அப்படிப் போட்டு வைக்க முடியாது."

முதல் நாள் எடுத்ததைக் கம்பெனி தூக்கிப் போட்டுவிட்டது. பசுவும் வாழைமரமும் மயிலும் எதிர்வீட்டுக்குப் போயின. பட்டுப்பாவாடை அந்த வீட்டுப் பெண்ணுக்குப் போயிற்று. அழுது தீர்த்தேன். ஒரு வாரம் நான் அம்மாவிடம் பேசவில்லை. அப்பாவும் ஏறக்குறைய அப்படித்தான்.

படம் நன்றாக ஓடியது. அடுத்த மார்கழியில் எங்கள் தெருவில் வாசலுக்கு வாசல் மயில். இத்தனை வீடுகளுக்கும் எது அழகு என்று சொல்லிக்கொடுக்க அந்தக் கம்பெனிக்கு ஒரே ஒரு படம் போதுமாக இருந்தது. அம்மாவிடம் மட்டும் அது பலிக்கவில்லை. இன்றைக்கு எனக்கு அதில் கர்வம்தான்.

அன்றைக்கு இல்லை. அந்த மார்கழியிலேயே ஒரு காலையில் கேமராவும் கையுமாக வந்த இருவர், இங்கே அசல் அக்ரஹார வீடு எது என்று என்னிடம் கேட்டார்கள். நான் எதிர்வீட்டைக் காட்டினேன்.

"அதாக்கும் அசல். எங்களோடது சும்மா வீடு."

பக்கத்தில் குனிந்து கோலம் போட்டுக்கொண்டிருந்த அம்மாவின் கை ஒரு கணம் நின்றது. பிறகு மிச்சத்தையும் போட்டு முடித்தாள். சரியாக வழி சொல்லிவிட்ட பெருமையில் நான் நிமிர்ந்து நின்றேன். அவளைத்தான் அசல் இல்லையென்று சொல்லிவிட்டேன் என்பது அந்த வயதில் எனக்கு உறைக்கவில்லை.