எதிராளி ஊட்டுச் சோறு

எனக்குப் பயம் வந்தால் பசிக்கும். மற்றவர்களுக்கு நாக்கு வறளும், வயிற்றைக் கலக்கும் என்கிறார்கள். என் வயிறு வேறு மாதிரி. கல்யாணத்தன்று காலையில் பன்னிரண்டு இட்லி சாப்பிட்டேன். மாப்பிள்ளை நல்ல திடம் என்று பெண் வீட்டார் சந்தோஷப்பட்டார்கள். நானும் மறுக்கவில்லை.

ஆனால் வாழ்க்கையில் நான் அதிகமாகச் சாப்பிட்டது அன்றைக்கு அல்ல. எழுபதுகளின் நடுவில், பாலக்காட்டுக்குக் கிழக்கே ஒரு விவசாயி வீட்டில், மதியம் பன்னிரண்டு மணிக்கு. மூன்று மணிக்கு நான் கோல் போஸ்டில் நிற்க வேண்டும். எனக்குப் பரிமாறிக்கொண்டிருந்தவர், என்னைக் கொல்லப்போகிறவனின் அம்மா.

வண்டிப்பெரியார் பக்கம் தேயிலை எஸ்டேட் லயத்தில், கூலிக்காரர்களின் வரிசை வீட்டில், வளர்ந்தவன் நான். எங்கள் பந்து மைதானம் மலையை வெட்டிச் சமமாக்கிய ஒரு துண்டு நிலம். சாயங்காலம் நாலு மணிக்கு மஞ்சு இறங்கும். மூடுபனியை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். இறங்கிவிட்டால் எதிர் போஸ்ட் தெரியாது. சில நாள் என் போஸ்டையே தடவித்தான் கண்டுபிடிக்க வேண்டும். அந்த மஞ்சுக்குள் நான் கோலி, அதாவது கோல்கீப்பர். பந்து உள்ளே போனதா வெளியே போனதா என்பதற்கு ஒரே சாட்சியும் நான்தான். என் சாட்சியத்தின்படி எனக்குக் கோல் விழுந்ததே அபூர்வம். எஸ்டேட் கிளார்க் இதை அப்படியே இங்கிலீஷில் எழுதி சீல் வைத்துக் கொடுத்தார். அந்தக் காகிதத்தை நம்பி பாலக்காட்டில் ஒரு காலேஜ் எனக்கு விளையாட்டுக் கோட்டாவில் பி.ஏ. சீட்டும் ஹாஸ்டலில் ஒரு கட்டிலும் கொடுத்தது. என் மார்க்கை மட்டும் பார்த்திருந்தால் வாட்ச்மேனே உள்ளே விட்டிருக்க மாட்டார்.

சேர்ந்த முதல் வாரமே எங்கள் உடற்பயிற்சி ஆசிரியர், பி.டி. மாஷ், கூப்பிட்டுச் சொல்லிவிட்டார். கிழக்குக் காலேஜோடு வருஷா வருஷம் ஒரு மாட்ச் உண்டு. அதில் நிற்காதவனும், நின்றும் நிற்காதது போல் நின்றவனும் மறுநாளே பெட்டி கட்டலாம். அவர் சத்தம் போடுகிற ஆளில்லை. ஒரு ஃபைலை மூடுவது போலச் சொன்னார். அதுதான் எனக்குக் குளிரெடுத்தது. பெட்டி கட்டினால் நான் போய்ச் சேருமிடம் எஸ்டேட்டின் மருந்தடிக்கிற பம்பு. அதை முதுகில் கட்டியவர்கள் சாயங்காலம் இருமுவது லயத்துச் சுவர் தாண்டிக் கேட்கும். அப்பா இரண்டு வருஷம் அதைச் சுமந்தவர். பையன் படிக்கட்டும் என்று அவர் எங்கெல்லாமோ கும்பிட்டு நின்றது எனக்குத் தெரியும்.

அந்த மாட்ச் எப்படித் தொடங்கியது என்பதற்கு ஆளுக்கொரு கதை. மாட்டுச் சந்தையில் இரண்டு காலேஜ் பையன்களும் ஒரு காளையின் பல்லைப் பார்த்து வயசு சொல்வதில் சண்டை போட்டார்களாம். வியாபாரி பொறுத்துப் பார்த்துவிட்டு, காளையின் கழுத்து மணியைக் கழற்றி, பந்தாடி ஜெயிக்கிறவன் இதை எடுத்துக்கொள், என் மாட்டை விடு என்றாராம். இது கிழக்குக்காரர்கள் சொல்வது. வியாபாரி கொடுக்கவில்லை, நாங்கள்தான் தூக்கிக்கொண்டு ஓடிவந்தோம் என்பது எங்கள் காலேஜின் பெருமை. எப்படியோ, கோப்பை என்பது அந்த வெண்கல மணிதான். ஜெயித்தவர்களின் ஹாஸ்டல் மெஸ்ஸில் அது தொங்கும், சாப்பாட்டுக்கு அதைத்தான் அடிப்பார்கள். தோற்றவர்கள் தட்டைக் கரண்டியால் தட்டிக்கொள்ள வேண்டும். நான் போனபோது எங்களுக்குக் கரண்டிதான்.

இன்னொரு வழக்கமும் உண்டு. ஒரு வருஷம் மாட்ச் முடிந்ததும் கல்லெறி நடந்து பஸ் கண்ணாடியெல்லாம் உடைந்து, பலருக்கு மண்டையில் தையல். அதன் பிறகு இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் உட்கார்ந்து ஓர் ஏற்பாடு செய்தார்கள். மாட்ச் நடப்பது மணி இருக்கிற ஊரில். மாட்சுக்கு முன்னால், வெளியூர் டீமில் ஒவ்வொருவனும் எதிர் டீமில் ஒருவன் வீட்டில் சாப்பிட வேண்டும். கை நனைத்த வீட்டுப் பையன்மேல் கல் எறிய மனசு வராது என்பது யோசனை. யார் வீட்டுக்கு யார் என்பதிலும் ஒரு நியாயம் இருந்தது. யார் காலால் அடி விழுமோ அவன் வீட்டுக்கு. அதாவது, கோலி போக வேண்டியது சென்டர் ஃபார்வர்ட் வீட்டுக்கு.

அந்த சென்டர் ஃபார்வர்ட் பூட்ஸ் போடமாட்டான், வெறுங்கால். உதைத்தால் பந்தின் லேஸ் அவிழ்ந்துவிடும் என்றார்கள். போன வருஷம் எங்கள் கோலிக்கு அவனால் மணிக்கட்டு முறிந்தது, கோலி படிப்பையே விட்டுவிட்டு ஊருக்குப் போய்விட்டான். நான் வந்தபோது அந்தச் சீட் ஏன் அத்தனை சுலபமாகக் கிடைத்தது என்பது எனக்கு மெதுவாகத்தான் உறைத்தது.

பஸ்ஸில் போகும்போது எங்கள் கேப்டனிடம், சாப்பிடப் போகாமல் இருந்தால் என்ன என்று கேட்டுப் பார்த்தேன். அவன் கல்பாத்தி அக்கிரகாரத்துப் பையன். "வாய மூடிண்டு போய்ச் சாப்டுட்டு வா. அவாத்துல நன்னாப் போடுவா" என்றான். நாங்கள் புராட்டஸ்டன்ட் குடும்பம், நேர்ச்சை எதுவும் எங்களுக்கு வழக்கமில்லை. இருந்தும் ஜன்னலில் தெரிந்த ஒரு மாதா குருசடி, இரண்டு மசூதி, மூன்று மாரியம்மன் கோயில் எல்லாவற்றுக்கும் தனித்தனியாக நேர்ந்துகொண்டேன். தூரத்தில் ஒரு தண்ணீர்த் தொட்டியைக் கோபுரம் என்று நினைத்து அதற்கும் இரண்டு மெழுகுவர்த்தி சொல்லிவிட்டேன்.

கால்வாய்ப் பாலத்தில் எங்களை இறக்கி, மாலை போட்டு, தப்பட்டை அடித்து ஊருக்குள் கூட்டிப் போனார்கள். விருந்தாளிக்கு மரியாதையாம். எஸ்டேட் கோயிலிலும் இதே மாதிரி மாலை போட்டு மேளத்தோடு அழைத்துப் போவதைப் பார்த்திருக்கிறேன். கிடாவை.

அந்த சென்டர் ஃபார்வர்ட் வீட்டு வாசலிலேயே நின்றிருந்தான். ஆள் உயரம், ஆனால் கூச்சத்தில் கொஞ்சம் குனிந்த மாதிரி. "வாங்க, கை கழுவிக்குங்க" என்று செம்பில் தண்ணீர் கொடுத்தான். நான் அவன் முகத்தைப் பார்க்கவில்லை, காலைத்தான் பார்த்தேன். பெருவிரல் ஒன்றே தேயிலைத் தூர் மாதிரி இருந்தது. எனக்கு உடனே பசித்தது.

இலை போட்டார்கள். கொள்ளுப் பருப்பு, நாட்டுக்கோழிக் குழம்பு, கடலைத் துவையல். கோழியில் பாதி முடிந்தபோது அவன் தயிர் வாங்கி வரப் பக்கத்து வீட்டுக்குப் போனான். அவன் படி இறங்கியதும் அவன் அம்மா என் எதிரில் உட்கார்ந்து குரலைத் தாழ்த்தினார்.

"ஏனுங்க தம்பி, ஒண்ணு சொன்னாத் தப்பா எடுத்துக்காதீங்க. போன வருசம் உங்க காலேசுப் பையன் இதே எடத்துலதான் உக்காந்து சாப்புட்டான். அன்னைக்கே அந்தக் கையி ஒடஞ்சு போச்சுங்க. நம்மூட்டுச் சோறு தின்ன கையம்மான்னு இவன் ஒரு வாரம் ஒழுங்காச் சாப்புடல. அப்ப இருந்து பந்த ஒதைக்கறதே இல்லைங்க, தட்டறான். ஊரே சிரிக்குது. அவங்கப்பா இவன்கூடப் பேசறதில்ல. நீங்க ஒரு வார்த்த சொல்லுங்க கண்ணு, அடிங்க, எனக்கு ஒண்ணும் ஆகாதுன்னு. நீங்க சொன்னாக் கேப்பான்."

அத்தனையிலும் என் காதில் விழுந்தது இவ்வளவுதான்: அவன் உதைக்கமாட்டான். சீட் தப்பியது, கை தப்பியது. நான் செய்ய வேண்டியதெல்லாம் வாயைத் திறக்காமல் இருப்பது. பிறகுதான் அந்த அம்மா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பது தெரிந்தது.

அவன் தயிரோடு திரும்பி வந்தான். அம்மா என்னைப் பார்த்தார். நான் ஒரு பெரிய கவளத்தை வாயில் போட்டுக்கொண்டேன். அதை மென்று முடிக்கும்போது மறுபடி பார்த்தார். இன்னும் கொஞ்சம் சோறு என்று கையால் காட்டினேன். வாயில் சாப்பாடு இருக்கும்போது பேசக் கூடாது என்று எங்கள் சண்டே ஸ்கூல் டீச்சர் சொல்வார். வேதத்தில் உள்ள எந்தக் கட்டளையையும் நான் அன்றைக்கு அதைக் கடைப்பிடித்த மாதிரிக் கடைப்பிடித்ததில்லை. சோறு வந்துகொண்டே இருந்தது, நான் சாப்பிட்டுக்கொண்டே இருந்தேன், சொல்ல வேண்டியதைச் சொல்லவேயில்லை. கடைசியில் அவருக்குப் புரிந்துவிட்டது. மறுபடி பார்க்கவில்லை. நெய்க் கிண்ணத்தை எடுத்து வந்து, சோற்றின்மேல் தாராளமாக ஊற்றினார்.

மூன்று மணிக்கு மாட்ச். பாலக்காட்டுக் கணவாய்க் காற்று கிழக்கிலிருந்து ஊதிக்கொண்டிருந்தது. மஞ்சு என்ற பேச்சே இல்லை. வெயிலில் எல்லாம் தெரிந்தது, எனக்கு வேண்டாததெல்லாம் தெரிந்தது. முதல் பாதியில் காற்று எங்கள் பக்கம், அதன் புண்ணியத்தில் எங்களுக்கு ஒரு கோல். அவன் பந்தோடு என் முன்னால் வந்து காலைத் தூக்கும்போதெல்லாம் நான் கண்ணை மூடிக்கொண்டேன். திறந்து பார்த்தால் பந்து கோழிக்குஞ்சு மாதிரி உருண்டு வந்துகொண்டிருக்கும். அதன்மேல் விழுந்து புரண்டு, மண்ணை வாரிப் பூசிக்கொண்டு எழுந்து நிற்பேன். எங்கள் பையன்கள் கை தட்டினார்கள். மாஷ் என்னைப் பார்த்து ஒரே ஒரு முறை தலையை ஆட்டினார். அந்த ஆட்டலில் பி.ஏ. மூன்று வருஷமும் இருந்தது.

இடைவேளைக்குப் பிறகு அவன் ஊர்க்காரர்களே அவனைப் பிடித்துக்கொண்டார்கள். "ஏம்ப்பா, பந்துக்கு நோவுமா?" என்றது ஒரு குரல். "சோறு போட்டது பத்தாதுன்னு மொய்யாக் கோலையும் வெச்சுட்டயா?" என்றது இன்னொன்று. கோட்டுக்கு வெளியே தோளில் துண்டோடு நின்றிருந்த ஒருவர் திரும்பி, கூட்டத்தை விலக்கிக்கொண்டு வெளியே நடந்தார். பந்து ஆடிக்கொண்டிருக்கும்போதே அவன் தலையைத் திருப்பி அவரைப் பார்த்த பார்வையிலிருந்து, அது அவன் அப்பா என்று எனக்குத் தெரிந்தது.

கொஞ்ச நேரத்தில் அவர்களுக்கு ஒரு கார்னர். எல்லாரும் என் போஸ்டுக்கு முன்னால் நெருக்கிக்கொண்டு நின்றோம். அவன் என் தோளை ஒட்டி நின்றான். கூட்டம் அவனைத்தான் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தது. அவன் என் பக்கம் குனிந்து, மெதுவாகக் கேட்டான்.

"சாப்பாடு ஒத்துக்கிச்சுங்களா? அம்மா நெம்பப் போட்டுட்டாங்களோன்னு இருந்துச்சு."

வேறு என்ன கேட்டிருந்தாலும் நான் சமாளித்திருப்பேன். திட்டியிருந்தால் இன்னும் நல்லது. நான் தைரியசாலியாகிவிட்டேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். கண் அப்போதும் போஸ்டுக்குப் பின்னால் ஓட வழி தேடிக்கொண்டுதான் இருந்தது. வாய் மட்டும் என்னைக் கேட்காமல் திறந்துகொண்டது.

"அண்ணே, தட்டாதீங்க. அடிங்க. எனக்கு ஒண்ணும் ஆவாது."

அவன் நிமிர்ந்து பார்த்தான். "நெசமாத்தானுங்களா?"

அப்போதாவது சிரித்து மழுப்பியிருக்கலாம். "நெசமாத்தாம்ணே" என்றேன்.

கார்னர் எங்கள் ஃபுல்பேக் ஒருவன் தலையில் பட்டு வெளியே போனது. அடுத்த நிமிஷத்திலிருந்து நான் பட்டது, அதற்கு முன் பட்ட பயத்தையெல்லாம் பயம் என்றே சொல்ல முடியாதபடி ஆக்கிவிட்டது. அவன் தூரத்தில் பந்தை வாங்கித் திரும்பியபோதே நடையில் ஏதோ மாறியிருந்தது. நான் அவசர அவசரமாகக் கர்த்தரிடம், என் வாக்கைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன் என்று சொன்னேன். முதல் பந்தை நான் பார்க்கவே இல்லை. காதுக்குப் பக்கத்தில் துணி கிழிகிற மாதிரி ஒரு சத்தம், பின்னால் வலை உதறியது, அவ்வளவுதான். நான் எதிர்ப் பக்கம் பாய்ந்து படுத்திருந்தேன்.

இரண்டாவதைப் பார்த்தேன். பார்த்திருக்க வேண்டாம். விலக நேரமில்லாததால் இரண்டு கையையும் முகத்துக்கு முன்னால் வைத்தேன். பந்து வலது கையையும் என்னையும் சேர்த்துத் தள்ளிக்கொண்டு உள்ளே போனது. கூட்டம் மைதானத்துக்குள் இறங்கிவிட்டது. அவனைத் தூக்க ஓடி வந்தவர்களைத் தள்ளிவிட்டு அவன் என்னிடம் வந்தான். மண்டியிட்டு என் கையைப் பிடித்து, ஒவ்வொரு விரலாக மடக்கிப் பார்த்தான்.

"ஒடையலீங்க" என்றான். மறுபடி மணிக்கட்டை அமுக்கிப் பார்த்துவிட்டு, "ஒடையலீங்க, வீங்கித்தான் இருக்கு" என்றான்.

"அதான் சொன்னேன்லாண்ணே" என்றேன், கண்ணில் தண்ணீர் கொட்டிக்கொண்டிருக்க. அவன் அப்பா திரும்பி வந்தாரா என்று எனக்குத் தெரியாது. அந்தத் தண்ணீரில் எதுவும் தெரியவில்லை.

இரண்டுக்கு ஒன்று. மணி அங்கேயே தங்கிவிட்டது.

பஸ்ஸில் கேப்டன் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "கார்னர்ல அவன்கிட்ட என்னடா சொன்னே?" என்று கேட்டான். சாப்பாடு நன்றாக இருந்தது என்று சொன்னேன் என்றேன். அவன் நம்பவில்லை, ஆனால் என் கை அதற்குள் பூசணி மாதிரி ஆகிவிட்டிருந்ததால் விட்டுவிட்டான்.

முன் சீட்டிலிருந்த மாஷ் சட்டைப் பையிலிருந்து சின்ன நோட்டையும் பேனாவையும் எடுத்தார். எனக்கு மருந்துப் பம்பின் வாடை மூக்கில் அடித்தது. முதுகில் வார் இறுகுவது கூடத் தெரிந்தது. மாஷ் எழுந்து, கம்பியைப் பிடித்துக்கொண்டு, எல்லாரையும் பார்த்து மலையாளத்தில் கேட்டார்: அடுத்த வருஷம் அந்தக் காலுக்கு முன்னால் கோலியாக நிற்க யாருக்கு விருப்பம், கை தூக்கலாம்.

பஸ்ஸில் ஒருவர் கையும் அசையவில்லை. எல்லாருக்கும் ஒரே நேரத்தில் ஜன்னல் வழியாகப் பனைமரம் பார்க்க ஆசை வந்துவிட்டது. சொறிந்துகொண்டிருந்த ஒருவன்கூடக் கையைப் பாதி வழியில் நிறுத்திக்கொண்டான். மாஷ் வரிசையாக ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு வந்து, கடைசியில் என் வீங்கிய கையில் நின்றார். பெருமூச்சு விட்டார். நோட்டில் என் பெயரை எழுதி, அடியில் ஒரு கோடும் போட்டார்.

சீட் தப்பியது. நான் விரல்களை ஒவ்வொன்றாக மடக்கிப் பார்த்துக்கொண்டு வந்தேன். பி.ஏ. முடிய இன்னும் இரண்டு வருஷம் இருந்தது. அந்தக் காலுக்குச் சொந்தக்காரன் போன வருஷம் பி.யு.சி.தான், அதனால் அவனுக்கும் அப்படித்தான் என்று கேப்டன் சொன்னான். எனக்குப் பசித்தது.