மாணிக்கமும் பின்லாந்துக்காரரின் முட்டை லோடும்

மாணிக்கம் போய்விட்டான். இன்று விடியக்காலை, நாமக்கல்லில், சொந்தக் கட்டிலில், தூக்கத்திலேயே...

இதை அன்றைக்கே சொன்னவன் நான். "நீ ஸ்டியரிங்ல சாவ மாட்டே மாப்ளே, கட்டில்லதான்" என்று எண்பதுகளிலேயே அவனிடம் அடித்துச் சொன்னேன். நான் சொல்லி எது நடக்காமல் போயிருக்கிறது?

இருவரும் ஒரே கம்பெனியில் லாரி டிரைவர்கள். ஓட்டுவதில் அவன் நம்பர் டூ. நம்பர் ஒன் யார் என்று நான் சொல்லக் கூடாது.

ஒருமுறை வாழப்பாடி தாண்டி ஒரு வளைவில் அவனுடைய முட்டை லோடு கவிழ்ந்தது. ஆளுக்குச் சேதமில்லை. ரோடுதான் ஆத்தூர் வரைக்கும் மஞ்சள்...

அதற்குப் பிறகு வண்டியில் ஏறவே இல்லை. ஸ்டியரிங்கைப் பார்த்தாலே ரோடு மஞ்சளாகத் தெரிகிறது என்றான். திங்கட்கிழமை வராவிட்டால் வேறு டிரைவர் போட்டுவிடுவேன் என்று ஓனர் சொல்லி அனுப்பிவிட்டார்.

ஞாயிறு மேட்னிக்குச் சேலத்துக்கு இழுத்துக்கொண்டு போனேன். இங்கிலீஷ் கார் ரேஸ் படம். நான் எட்டாங்கிளாஸ்தான், ஆனால் இங்கிலீஷ் எனக்குத் தண்ணி பட்ட பாடு. எங்கள் வரிசை முழுக்க என் டிரான்ஸ்லேஷனில்தான் படம் பார்த்தது.

அதில் பின்லாந்து ரேஸ்காரர் ஒருவர் அவராகவே வருவார். நிஜ சாம்பியன். வசனமெல்லாம் ஹீரோவுக்கு, வளைவு வந்தால் ஹீரோவின் ஹெல்மெட்டுக்குள் இவர்.

அதற்கு முன்பே வேறு ரேஸ் படங்களில் அவரை ஹெல்மெட்டோடு கண்டுபிடித்தவன் நான். முகம் எதற்கு? வண்டியைத் திருப்புகிற தினுசு போதாதா...

மாணிக்கமோ ஒவ்வொரு வளைவுக்கும் முன் சீட்டைப் பிரேக் மாதிரி மிதித்தான். அதில் உட்கார்ந்திருந்த பெரியவர் கடைசியில் திரும்பிப் பார்த்தார். "ஏனுங்க, வண்டி அங்க திரையிலயில்ல ஓடுது? என்ற முதுக எதுக்குங்க மிதிக்கறீங்க?"

இன்டர்வெல்லில் முறுக்கு வாங்கிக் கொடுத்தேன். தொடவில்லை.

"அந்தாளுக்கெல்லாம் வண்டி கவுந்திருக்காது மாப்ளே" என்றான், தரையைப் பார்த்துக்கொண்டு.

"கவுந்துச்சு. ரேசுக்கு வர்றதுக்கு முந்தி அவரும் லாரிதான் ஓட்டுனாரு. முட்டை லோடு. அடுத்த நாளே வண்டிய எடுத்துட்டாரு" என்றேன்.

"முட்டையேவா?"

"முட்டையேதான் சாமி."

அப்புறம் முறுக்கை வாங்கிக்கொண்டான், என் பங்கையும் சேர்த்து. பாதிப் படத்துக்குப் பிறகு பெரியவர் முதுகில் ஒரு மிதிகூட விழவில்லை.

திங்கட்கிழமை டயருக்கு எலுமிச்சம்பழம் வைத்தது நான்தான். நசுக்கிக்கொண்டு கிளம்பினான்... ரிட்டயர்டு ஆகும்வரை அவன் வண்டியில் ஒரு முட்டைகூட உடையவில்லை. சரி, ஒன்றிரண்டு.

வண்டி கவிழ்ந்து பயந்து உட்கார்ந்த புது டிரைவர்களைத் தேடிப்போய் பின்லாந்துக்காரர் கதையைச் சொல்வான். என்னைவிட நன்றாகவே சொல்வான்.

போய் வா மாப்ளே. ரோடு காலியாகத்தான் இருக்கும்...

பின்லாந்தில் முட்டை லோடு எதுவும் கவிழவில்லை. முறுக்குப் பொட்டலத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அந்த இன்டர்வெல்லில் நான் கட்டிய கதை அது.