ருஷ்யாவுக்காகச் செத்தவன்

ஓஸ்வால் பிரிங்குக்கு நீச்சல் தெரியாது. கோபன்ஹேகனில் இதை அறிந்தவள் அவன் மனைவி டாக்மார் ஒருத்திதான். வெண்ணெய்ப் பீப்பாய்க்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தவனைக் குழிவிழுந்த கன்னத்துக்காகப் படக் கம்பெனி பிடித்துக்கொண்டு போனது. நடிப்பென்று பெரிதாக ஒன்றும் வராது. ஆனால் சாகச் சொன்னால் மட்டும் மனிதன் பிய்த்து உதறுவான். குண்டடி, விஷம், தூக்கு, எதிலும் அவனை மிஞ்ச ஆளில்லை.

அந்த நாளில் பல படங்களுக்கு இரண்டு முடிவு எடுப்பார்கள். டென்மார்க்காரர்களுக்குக் கதாநாயகன் பிழைக்க வேண்டும். ருஷ்யாக்காரர்களுக்கோ அவன் செத்தால்தான் காசு கொடுத்த திருப்தி. பிழைக்கிற முடிவை எவன் வேண்டுமானாலும் நடித்துவிடுவான். ஓஸ்வாலின் வண்டி ருஷ்ய முடிவில்தான் ஓடியது.

ஒரு ஏப்ரலில், டிராயோர் மீன்பிடித் துறையில், கடலில் மூழ்கிச் சாகும் வேஷம் வந்தது. மறுத்தால் வாங்கிக்கொள்ள வரிசையில் ஆட்கள் நின்றார்கள். சரியென்று சொல்லிவிட்டு வந்தவன் கறுப்பு ரொட்டியைத் தின்னாமல் பிய்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான்.

"உண்மையைச் சொல்லித் தொலையேன், ஓஸ்வால்," என்றாள் டாக்மார்.

"சொன்னா மறுபடி பீப்பாய்தான். கால் எட்டுற இடம்னு சொல்லியிருக்காங்க."

"எட்டாட்டி?"

அவன் ரொட்டித் தட்டைத் தள்ளிவைத்தான். மீனவர் வீட்டுப் பெண் அவள், நீச்சல் அத்துப்படி. கரையில் வேடிக்கை பார்க்கும் சீமாட்டி வேஷத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டு கூடவே போனாள்.

படத்தில் சத்தம் பதியாது என்பதால் இயக்குநர் ஸ்டாகே கத்திக்கொண்டேதான் படமெடுப்பார். "கையை வீசுங்க பிரிங்க்! இன்னும்! பிரமாதம்!"

கால் எட்டவில்லை. குளிர் எலும்பைப் பிடித்தது. "காப்பாத்துங்க!" என்று ஓஸ்வால் அலறினான். கரையில் கைதட்டினார்கள்.

"நெஜமாவே போறாரோ?" என்றான் ஒருவன்.

"அட, பிரிங்க் ஆச்சே! இப்படி எத்தனை தடவை போயிருக்காரு," என்றான் மற்றவன்.

பிறகு கை ஓய்ந்தது. வாய் மூடிக்கொண்டது. "ஆகா, இந்த அமைதி! கைப்பிடியை நிறுத்தாம சுத்துய்யா!" என்று காமிராக்காரனைப் பார்த்துக் கத்தினார் ஸ்டாகே. டாக்மார் கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னே வந்தாள். நடிக்கும்போது ஊரையே கூட்டுவான் அவள் புருஷன். உண்மையில் பயம் முற்றிவிட்டால் பேச்சுமூச்சு இருக்காது. பல் பிடுங்கப் போன அன்றும் அப்படித்தான். சீமாட்டித் தொப்பியோடு கடலில் பாய்ந்து, காலரைப் பிடித்து இழுத்து வந்தாள்.

உப்புத்தண்ணீரைக் கக்கிக்கொண்டு கிடந்தவன் பக்கத்தில் ஸ்டாகே துள்ளிக் குதித்தார். "அற்புதம்! இது டென்மார்க்குக்கு. இப்ப ருஷ்யாவுக்கு இன்னொரு தடவை."

"ஐயா, எனக்கு நீச்சல் தெரியாது," என்றான் ஓஸ்வால், பற்கள் கிடுகிடுக்க.

ஸ்டாகே சற்று யோசித்தார். "மூழ்கறதுக்கு நீச்சல் எதுக்குங்க?" என்றார். பாவி மனிதர், கேலிக்குச் சொல்லவில்லை.

ஓஸ்வால் பீப்பாயை நினைத்தான், எழுந்தான். டாக்மார் ஒரு கயிற்றை அவன் கோட்டுக்கடியில் இடுப்பில் கட்டினாள். மறுமுனையைப் பிடிக்க ஆட்கள் ஓடிவந்தார்கள். "போங்கய்யா, கைதட்டுற ஆளுங்க நீங்க!" என்று தன் இடுப்பிலேயே சுற்றிக்கொண்டாள். "போதும்னு எனக்குத் தோணினா இழுத்துடுவேன். படமாவது மண்ணாவது."

அதன்பிறகு ஆண்டுக்கணக்கில் மூழ்கினான். கடலிலும் ஆற்றிலும் ஆலைக் குளத்திலும். பயம் ஒருநாளும் விடவில்லை. தலை உள்ளே போகுமுன் டாக்மாரிடமிருந்து இடுப்பில் லேசாக ஓர் இழுப்பு வரும். அது வந்தால்தான் மூழ்குவான்.

ஸ்பானிஷ் கொள்ளைக் காய்ச்சல் டாக்மாரைக் கொண்டுபோயிற்று. புரட்சிக்குப் பிறகு ருஷ்யாவில் படம் வாங்க ஆளில்லாத காலம் அது. ஆனாலும் வேறெங்கோ விற்க, மூழ்கும் வேஷமொன்றோடு ஸ்டாகே வீட்டுக்கே வந்துவிட்டார். "கயிறு புதுசு, பிரிங்க். பிடிக்க நாலு பலசாலிங்களைப் போடறேன்."

ஓஸ்வால் கையை வீசவில்லை, கத்தவில்லை. கதவைப் பிடித்தபடி பேச்சுமூச்சில்லாமல் நின்றான்.

"ஆகா, அந்த அமைதி இன்னும் அப்படியே இருக்கே!" என்று மகிழ்ந்துபோனார் ஸ்டாகே.

கதவைச் சாத்தினான். திங்கட்கிழமை பீப்பாய்க் கொட்டகைக்குப் போய் வேலை கேட்டான்.