கம்பெனி வாசலில் கிரேக்கருக்கு வைத்த ஃப்ளெக்ஸ்

கும்மிடிப்பூண்டியில் எங்கள் கம்பெனிக்குப் புது மெஷின் பூட்ட வந்தவர் அந்த கிரேக்கர். அறுபது வயதிருக்கும், முடியெல்லாம் நரை. கேன்டீனில் எங்களோடு உட்கார்ந்து சாம்பாரை ஸ்பூனால் குடிப்பார். திடீரென்று நெஞ்சுவலி வந்து, ஆபரேஷனுக்காகத் தன் நாட்டுக்குப் போனார். பிறகு மூன்று மாதமாக ஒரு தகவலும் இல்லை.

எங்கள் ஃபிட்டர் அண்ணனுக்கு மனசு கேட்கவில்லை. போனில் அவர் பெயரைப் போட்டுத் தேடினார். ஒரு வீடியோ வந்தது. பெட்டிக்குள் அவர்! சுற்றிலும் மெழுகுவர்த்தி, கறுப்பு உடுத்திய பெண்கள் அழுதுகொண்டிருந்தார்கள். கீழே ஓடிய கிரேக்க எழுத்து எங்களில் யாருக்குப் புரியும்?

“முடி கருப்பா கீதேண்ணா,” என்றேன்.

“சாயம் பூசியிருப்பாங்கம்மா. கடைசியா பாக்க வர்றவங்களுக்கு லட்சணமா இருக்க வேணாமா?”

ஐயோ, அதையும் நம்பினேனே! அன்று மதியம் ஒருவருக்கும் சோறு இறங்கவில்லை. கவரைப்பேட்டையில் ஃப்ளெக்ஸ் அடித்து வந்து கம்பெனி வாசலில் கட்டினோம். மேலே ‘கண்ணீர் அஞ்சலி’, நடுவில் அவர் முகம், கீழே வழக்கம்போல வரிசையாக எங்கள் சின்னச் சின்னத் தலைகள். கடைசியில் நான், கம்மல் தெரிய.

அடுத்த வாரம் கம்பெனி கார் வந்து நின்றது. இறங்கியவர் அவர்! வீல் என்று கத்திவிட்டேன். டிபன் பாக்ஸ் கைநழுவி விழுந்தது. ஃபிட்டர் அண்ணன் “தாயே, பவானியம்மா!” என்று சாமியைக் கூப்பிட்டுக் கேட்டைப் பிடித்துக்கொண்டார்.

“உயிரோட கீறவருக்கு இன்னாண்ணா பண்ணி வெச்சிக்கீற?” என்று அண்ணனைத் திட்டிக்கொண்டே ஃப்ளெக்ஸைப் பிடித்து இழுத்தேன். கிரேக்கர் என்னைத் தடுத்து, என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டார். அதைச் சொல்லி, வீடியோவையும் காட்டினோம். தையல் போட்ட நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படிச் சிரித்தார்.

அது பழைய சினிமாவாம். நாடகத்தில் தொடங்கிப் படங்களுக்குப் போன நடிகராம் அவர். அடியாளோ பாதிரியாரோ, எந்த வேஷமானாலும் பாதிப் படத்தில் சாகடித்துவிடுவார்களாம். நாட்டில் பண நெருக்கடி வந்து வாய்ப்பு குறைந்ததும், மாமனாரின் பட்டறையில் மெஷின் வேலை கற்றுக்கொண்டாராம். இத்தனை நாளில் ஒரு வார்த்தை சொல்லவில்லையே இந்த மனுஷன்!

“எந்த போஸ்டரிலும் என் முகம் வந்ததில்லை,” என்றார் உடைந்த ஆங்கிலத்தில். “என்னைக் கொல்பவன் முகம்தான் வரும்.”

“வேணாம் சார், ஆகாது. எரிச்சிடலாம்,” என்று கெஞ்சினேன். கேட்கவில்லை. வேலை முடிந்து கிளம்பும்போது அதைச் சுருட்டி எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

போன மாதம் அவருடைய மகள் ஃபிட்டர் அண்ணன் போனுக்கு ஒரு படம் அனுப்பியிருந்தாள். அதே மாதிரி பெட்டி, அதே மாதிரி மெழுகுவர்த்திகள். முடி மட்டும் வெளுத்திருந்தது.

“இதுவும் சினிமாவா இருக்கும்மா. நல்லாப் பாரு,” என்றார் அண்ணன்.

போனை வாங்கிப் பெரிதாக்கினேன். பெட்டியின் தலைமாட்டில் எங்கள் ஃப்ளெக்ஸ் நின்றது. கீழ்வரிசையின் கடைசியில், கம்மல் தெரிய, நான்.