தூதரகத்தில் சொல்லாத பெயர்

என் அம்மா அப்பாவின் பெயரைச் சொல்லவே மாட்டார். புருஷன் பெயரைச் சொன்னால் அவருக்கு ஆயுள் குறையும் என்பது எங்கள் ஆட்களின் நம்பிக்கை. அப்பாவுக்கோ முருகப்பெருமானின் பெயர். அதனால் சாமி கும்பிடும்போதும், "முருகா, கந்தா, கடம்பா" என்று வருபவர் ஓரிடத்தில் மூச்சை இழுத்து நின்று, அந்தப் பெயரைத் தாண்டி, "சண்முகா" என்று தொடர்வார். மறந்துவிட்டார் என்று நினைத்து நான் பெயரை எடுத்துக் கொடுப்பேன். உடனே தொடையில் ஒரு கிள்ளு விழும்.

அப்பா சுவிஸில் தஞ்சம் கேட்டிருந்தார். அந்த அரசாங்கம் முகாமில் இடம் கொடுத்து, குளிருக்குச் சட்டை கொடுத்து, பாஷையும் படிப்பித்து, நீண்ட காலம் விசாரித்து, கடைசியில் அவரை அகதியாக ஏற்றுக்கொண்டது. இனி மனைவி பிள்ளையைக் கூப்பிடலாம். அதற்கு எங்களைக் கொழும்பில் தூதரகத்தில் விசாரிப்பார்கள். வெள்ளவத்தையில் ஒரு லொட்ஜில் அறை எடுத்தோம்.

பக்கத்து அறை மாமி, தானே வெள்ளைக்காரியாகிக் கதிரையில் இருந்து அம்மாவைப் பழக்கினார்.

"உம்மட மனுசன்ர பேர் என்ன?"

"இவளின்ர அப்பா."

"ஐயோ பிள்ளை! அங்கயும் உப்பிடிச் சொன்னா, பொய்க் கலியாணம் எண்டு எழுதிப்போடுவினம். பிறகு அவர் அங்க, நீர் இங்கதான்."

அம்மா அன்றிரவு சாப்பிடவில்லை.

பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்துவிட்டுத் தூதரகத்துக்குப் போனோம். உள்ளே கண்ணாடி போட்ட வெள்ளைக்காரப் பெண் அதிகாரி. பக்கத்தில் மொழிபெயர்க்க ஒரு தமிழ் அண்ணன். முதல் கேள்வியே அதுதான். அம்மா வாயைத் திறந்தார். மூச்சை இழுத்தார். அப்படியே நின்றுவிட்டார். பிறகு கைப்பையிலிருந்து சின்ன முருகன் படத்தை எடுத்து மேசையில் வைத்தார்.

"இவரின்ர பேர்தான்."

அண்ணன் படத்தைப் பார்த்தார். "அக்கா, இவருக்கு ஆயிரம் பேர் இருக்கே! அதில எது?"

எனக்குப் பொறுக்கவில்லை. கோயில் மணி மாதிரிப் பெயரைக் கத்தினேன். கிள்ளு விழுந்தது, ஆனால் மெதுவாக.

அண்ணன் சிரித்துச் சிரித்து விஷயத்தை விளக்கினார். அதிகாரி பேனையை வைத்துவிட்டு, உங்கள் கணவர் உங்களை எப்படிக் கூப்பிடுவார் என்று கேட்டார்.

அம்மா சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு, "'இஞ்சாரும்' எண்டுதான்" என்றார்.

'இங்கே பாரும்' என்பதுதான் எங்கள் பேச்சில் அப்படி. அண்ணன் அதைச் சொன்னதும் அந்த அம்மையார் பெரிதாகச் சிரித்துவிட்டார். அண்ணன் திரும்பினார்.

"அக்கா, அங்க சுவிஸில உங்கட அவரிட்டையும் இதைக் கேட்டவையாம். அவரும் 'இஞ்சாரும்' எண்டுதான் சொன்னவராம். உது பொய்க் கலியாணக்காரருக்கு வராதாம்!"

விசா வந்தது. என்னால்தான் வந்தது என்று லொட்ஜ் முழுக்கச் சொல்லித் திரிந்தேன். மாமி எனக்குத் தின்ன ரோல்ஸ் வாங்கித் தந்தார். அன்று மாலை கோயிலில் அம்மா வழமைபோல அந்த இடத்தில் மூச்சை இழுத்து நிற்க, "இன்னும் பாடமாக்கேல்லையா அம்மா?" என்று கேட்டேன். பக்கத்தில் நின்றவர்களெல்லாம் சிரித்தார்கள்.

இப்போது நானும் குடும்பக்காரி. என் வீட்டுக்காரர் பனியில் தூரவேலைக்குப் போகும் நாட்களில் விளக்கேற்றும்போது அந்த மூச்சு எனக்கும் வருகிறது. மற்றப் பெயர்களை அம்மா வாயால் சொன்னார். அந்த ஒன்றை, அப்பா இல்லாத அத்தனை வருஷமும், நெஞ்சுக்குள் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார். நான்தான் நடுவில் புகுந்து கத்திக்கொண்டிருந்தேன்.